காவிரி வழக்கு 1971: தாக்கலும் வாபஸும்

குற்றாலத்தின் பேரருவியிலிருந்து சுமார் 5 கிலோமீட்டர் தொலைவில், ஒரே நீரோட்டம் பாறை முகப்பில் ஐந்தாகக் கிளைத்து விழுமிடம் ஐந்தருவி. ஆனி பிறந்து, தென்மேற்குக் காற்று ஆரியங்காவுக் கணவாய் வழியே சாரலைச் சுமந்து வரும்போது அங்கு நீர் பெருகுகின்றது. அந்நீர் சிற்றாற்றோடு சேர்ந்து தென்காசிச் சீமையின் வயல்களை நனைத்து, சீவலப்பேரிக்கு அருகே தாமிரபரணியில் கலந்துவிடுகின்றது. ஊற்றும் ஓட்டமும் சங்கமமும் ஒரே மாநிலத்துக்குள் அடங்கிவிடுவதால், ஐந்தருவித் தண்ணீருக்காக எவரும் தில்லி சென்று வழக்காட வேண்டிய நிலை எழவில்லை.

ஆனால் மலையின் முதுகு வெகு தொலைவில் இல்லை. அந்த முதுகின் மேற்கே சரியும் துளி கேரளத்துக்கு, கிழக்கே சரியும் துளி தமிழகத்துக்கு. இவ்வட்டாரத்து உழவர்களுக்கு இதனை யாரும் கற்பிக்க வேண்டியதில்லை. சற்று வடக்கே சிவகிரி, வாசுதேவநல்லூர்ப் பக்கம் சென்று செண்பகவல்லி அணைக்கட்டின் உடைந்த சுவரைப் பற்றிக் கேட்டால், எல்லைக்கு அப்பால் நிற்கும் ஒரு சுவர் இப்பால் உள்ள குளங்களை எவ்வாறு வற்றச் செய்யும் என்பதைப் பெரியவர்கள் விளக்குவார்கள்.

ஐந்தருவியிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் செங்கோட்டை, 1956 நவம்பர் 1 அன்றுதான் திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து பிரிந்து சென்னை மாநிலத்தோடு இணைந்தது. அதே நாளில், காவிரி பிறக்கும் குடகு மைசூர் மாநிலத்தோடு இணைந்தது. கோயம்புத்தூர் மாவட்டத்தின் கொள்ளேகால் வட்டமும் அன்றே மைசூருக்குச் சென்றது. இம்மாற்றங்களைச் செய்த மாநிலச் சீரமைப்புச் சட்டம் 1956 ஆகஸ்ட் மாத இறுதியில் நிறைவேறியது. அதற்குச் சில நாட்கள் முன்னதாகவே, எல்லைகள் மாறினால் ஆறுகளுக்காகச் சண்டை வரும் என்பதை உணர்ந்தாற்போல, மாநிலங்களிடைத் தண்ணீர்த் தகராறுகள் சட்டமும் பிறந்துவிட்டது. செங்கோட்டையைத் தமிழகத்துக்குத் தந்த அதே ஆகஸ்ட் மாதம் தந்த இரண்டாவது சட்டமே இக்கட்டுரையின் மையம்.

ஐந்தருவியில் சாரல் விழச் செய்யும் அதே காற்றுதான் குடகிலும் வயநாட்டிலும் மழையாகக் கொட்டிக் காவிரியையும் கபினியையும் நிரப்புகின்றது. அம்மாதங்களில் தஞ்சைச் சமவெளியில் பெருமழை கிடையாது. குறுவை நாற்று விடும் உழவன் வானத்தைப் பார்த்துப் பயனில்லை, மேட்டூரைத்தான் பார்க்க வேண்டும். மேட்டூரின் மதகு ஜூன் 12 அன்று திறக்கப்பட வேண்டுமாயின், மேலே உள்ளவர் விட வேண்டும். இந்த 'விட வேண்டும்' என்ற சொல்லுக்குச் சட்டத்தில் என்ன பொருள் என்று கேட்டுத் தமிழக அரசு 1971இல் உச்ச நீதிமன்றத்தின் படியேறியது. மறு ஆண்டே இறங்கியும் வந்தது. அந்த இறக்கத்தைப் பற்றிச் சற்று விரிவாகப் பேசலாம் என்று நினைக்கின்றோம். அரை நூற்றாண்டாக மேடைகளில் இதனை ஒருவர் மேல் ஒருவர் எறிந்து கொண்டிருக்கிறார்களேயன்றி, சட்டத்தின் ஒளியில் வைத்துப் பார்த்தவர் மிகக் குறைவு.

முதலில் சொல்லைப் பார்ப்போம். 'வழக்கை வாபஸ் பெற்றார்' என்று சொல்லாத தமிழர் இல்லை. வாபஸ் பாரசீகச் சொல். நீதிமன்றத் தமிழில் இதன் உறவினர் பலர் உண்டு. தாவா, வக்காலத்து, அமீனா, ஜப்தி, பிராது என்று நவாபு காலத்துக் கச்சேரிகள் விட்டுச் சென்ற சொற்கள் நம் கிராமத்துப் பாட்டிமார் நாவிலும் புழங்குகின்றன. 'திரும்பப் பெறுதல்' என்ற தூய தமிழ் வழக்கு வந்த பின்னும் வாபஸ் போகவில்லை. அச்சொல்லில் ஒரு தோல்வியின் சாயல் ஒட்டிக்கொண்டிருப்பதே காரணம் என்று எமக்குத் தோன்றுகின்றது. வாபஸ் வாங்கியவன் பயந்துவிட்டான் என்றே ஊர் பேசும்.

சட்டம் அப்படிப் பேசுவதில்லை. (சட்ட நுணுக்கம் என்றதும் பக்கத்தைத் தள்ளிவிட நினைக்கும் நண்பர்கள் சற்றுப் பொறுத்தருள வேண்டும். இரண்டே பத்திகள்.) உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை, முதல் விதி இதனைக் கூறுகின்றது. வழக்குத் தொடுத்தவர் தம் வழக்கை எப்போது வேண்டுமானாலும் கைவிடலாம். ஆயினும் நீதிமன்றத்தின் அனுமதி பெறாமல் கைவிட்டால், அதே பொருள் குறித்து அதே எதிராளி மேல் புதிய வழக்குப் போட இயலாது. முறைக் குறைபாட்டால் வழக்கு வீழ்ந்துவிடும் என்றோ, வேறு போதிய காரணம் உண்டு என்றோ காட்டினால், 'மீண்டும் தொடுக்கும் உரிமையுடன்' திரும்பப் பெற நீதிமன்றம் அனுமதிக்கலாம். அந்த ஒற்றை வரி தீர்ப்பாணையில் இருக்கின்றதா இல்லையா என்பதற்காகவே வழக்கறிஞர்கள் எழுந்து நின்று மன்றாடுவதை நீதிமன்றம் சென்றவர்கள் கண்டிருப்பார்கள்.

இவ்விதி சாதாரண வழக்குகளுக்கு உரியது. ரிட் மனுக்களுக்கும் இதன் கருத்துப் பொருந்தும் என்று சர்குஜா போக்குவரத்து நிறுவன வழக்கில் 1986இல் உச்ச நீதிமன்றம் கூறியது. உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்த ரிட் மனுவை அனுமதியின்றித் திரும்பப் பெற்றவர், அதே காரணத்துக்காக மீண்டும் அங்கே ரிட் மனுவோடு வரக் கூடாது. ஆனால் அத்தீர்ப்பிலேயே ஒரு சாளரமும் திறந்திருக்கின்றது. அவர் மற்ற தீர்வழிகளை நாடுவதை இது தடுக்காது. உரிமையியல் வழக்கோ, அடிப்படை உரிமைக்காக நேரே உச்ச நீதிமன்றத்துக்கு அளிக்கும் மனுவோ அவருக்குத் திறந்தே இருக்கின்றது. அதாவது, திரும்பப் பெறுவதால் ஒரு கதவு சாத்தப்படலாமேயன்றி உரிமை செத்துவிடுவதில்லை. இதனை மனத்தில் இருத்திக்கொண்டு காவிரிக்கு வருவோம்.

காவிரியின் பழங்கதை பலரும் எழுதியதாகையால் விரைந்து கடக்கின்றோம். சென்னை அரசுக்கும் மைசூர் சமஸ்தானத்துக்கும் 1892இல் முதல் உடன்படிக்கை ஏற்பட்டது. சென்னையின் இசைவின்றிப் புதிய பாசனப் பணிகளை மைசூர் செய்யலாகாது என்பது அதன் சாரம். கண்ணம்பாடியில் பெரிய அணை கட்ட மைசூர் முனைந்தபோது தகராறு முற்றி, அலகாபாத் உயர் நீதிமன்ற நீதிபதி கிரிஃபின் நடுவராக அமர்த்தப்பட்டார். அவருடைய 1914ஆம் ஆண்டுத் தீர்ப்பு மைசூருக்குச் சாதகமாக அமைந்தது, இந்திய அரசும் அதனை ஏற்றது. சென்னை அரசு அத்தோடு நிற்கவில்லை. இலண்டனிலிருந்த இந்தியா மந்திரியிடம் முறையிட்டு அத்தீர்ப்பை நிலைபெறாமல் செய்தது. அதன் விளைவே 1924 பிப்ரவரி 18 உடன்படிக்கை. மைசூருக்குக் கிருஷ்ணராஜசாகரமும் சென்னைக்கு மேட்டூரும் அதன் வழி உறுதியாயின. மேட்டூர் அணை 1934இல் திறக்கப்பட்டது, கொள்ளளவு 93.47 டி.எம்.சி. (ஒரு டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி.)

ஒரு தீர்வழி அடைபட்டால் இன்னொன்றைத் தேடிச் செல்லும் பழக்கம் சென்னை அரசுக்குப் புதிதன்று என்பதைக் காட்டவே கிரிஃபின் கதையைச் சொன்னோம். அந்தக் காலத்து வெள்ளை அதிகாரிகள் தஞ்சை உழவர் மேல் கொண்ட அன்பினால் அல்லாது, நிலவரி குறைந்துவிடுமே என்ற அச்சத்தினால் செய்தார்கள் என்பதும் உண்மையே. எனினும் செய்தார்கள்.

1924 உடன்படிக்கையில் ஒரு கூறு உண்டு. அதன் சில பிரிவுகளை 50 ஆண்டுகள் கழித்து மறுபரிசீலனை செய்யலாம் என்பது. அந்த 50 ஆண்டு 1974இல் நிறைகின்றது. இந்த ஆண்டை வாசகர்கள் குறித்துக்கொள்ள வேண்டுகிறோம்.

1960களின் பின்பகுதியில் மைசூர் மாநிலம் ஏமாவதி, கபினி, ஏரங்கி முதலிய துணையாறுகளில் அணை எழுப்பலாயிற்று. நடுவண் அரசின் ஒப்புதலும் இல்லை, ஐந்தாண்டுத் திட்டத்தின் பணமும் இல்லை. தன் சொந்த நிதியிலேயே கட்டியது. தமிழகம் எதிர்ப்புத் தெரிவித்தது, பேச்சுகள் நடந்தன, பயன் விளையவில்லை. 1970இல் தமிழக அரசு, 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நடுவர் மன்றம் அமைக்குமாறு நடுவண் அரசைக் கோரியது. அது வேண்டாத கோரிக்கையன்று. 1969ஆம் ஆண்டு ஒன்றில் மட்டும் கிருஷ்ணா, கோதாவரி, நருமதை ஆகிய மூன்று ஆறுகளுக்கும் நடுவர் மன்றங்கள் அமைக்கப்பட்டிருந்தன. கிருஷ்ணா மன்றம் 1973 இறுதிக்குள் தன் தீர்ப்பை அளித்தும்விட்டது. காவிரிக்கு மட்டும் தில்லி செவி சாய்க்கவில்லை.

எனவே 1971இல் தமிழக அரசு உச்ச நீதிமன்றம் சென்றது. மாநிலத்துக்கும் மாநிலத்துக்கும், மாநிலத்துக்கும் நடுவண் அரசுக்கும் இடையே எழும் வழக்குகளை நேரே உச்ச நீதிமன்றமே விசாரிக்க வகை செய்யும் அரசியல் சாசனத்தின் 131ஆம் பிரிவின்கீழ் தொடுத்த மூல வழக்கு அது. அவ்வாண்டின் முதல் எண் வழக்கு. நடுவர் மன்றம் அமைக்குமாறு நடுவண் அரசுக்கு ஆணையிட வேண்டும், மைசூரின் அணைப் பணிகளைத் தடுக்க வேண்டும் என்பன அதன் கோரிக்கைகள்.

இங்கே ஒரு முட்டுக்கட்டை உண்டு. சாசனத்தின் 262ஆம் பிரிவும், 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் 11ஆம் பிரிவும் சேர்ந்து, ஆற்று நீரைப் பங்கிடும் தகராற்றில் எந்த நீதிமன்றமும் தலையிடக் கூடாது என்று விலக்கி வைத்துள்ளன. உச்ச நீதிமன்றத்துக்கும் இவ்விலக்குப் பொருந்தும். ஆகவே 'எமக்கு இத்தனை டி.எம்.சி. தருக' என்று 1971இல் கேட்டிருந்தால் வழக்கு நின்றிருக்காது. ஆனால் 'மன்றம் அமைக்க வேண்டிய கடமையை நடுவண் அரசு செய்யவில்லை, செய்யச் சொல்லுங்கள்' என்பது நீர்ப் பங்கீட்டுத் தகராறு அன்று. அது சட்டக் கடமை பற்றிய வழக்கு. வழக்கின் உயிர் அங்கேதான் இருந்தது.

அரசியல் நிலையையும் நோக்க வேண்டும். 1971 மார்ச் தேர்தலில் மு. கருணாநிதி தலைமையிலான தி.மு.க., இந்திரா காந்தியின் காங்கிரசோடு உடன்பாடு கொண்டு பெருவெற்றி பெற்றிருந்தது. மைசூரில் அம்மாதமே குடியரசுத் தலைவர் ஆட்சி வந்து ஓராண்டு நீடித்தது. 1972 மார்ச்சில் தேவராஜ் அர்ஸ் முதலமைச்சரானார். அவரும் இந்திராவின் ஆள். தமிழகம் தோழமைக் கட்சி, மைசூர் சொந்தக் கட்சி. இவ்விருவரும் நீதிமன்றத்தில் எதிரெதிரே நிற்பது பிரதமருக்கு உகந்த காட்சியாக இருந்திருக்க முடியாது.

1972 மே மாதம், நடுவண் பாசன அமைச்சர் கே.எல். ராவ் முன்னிலையில் மூன்று மாநில முதலமைச்சர்களும் கூடினர். உண்மை விவரங்களைத் திரட்ட ஒரு குழு அமைப்பது, சில மாதங்களுக்குள் பேச்சு வழியே தீர்வு காண்பது, அதுவரை சிக்கலைக் கடினமாக்கும் செயல்களில் எம்மாநிலமும் இறங்காதிருப்பது என்ற புரிதல் அங்கே உருவானது. அவ்வாண்டே தமிழக அரசு தன் வழக்கைத் திரும்பப் பெற்றது.

பிரதமரின் வேண்டுகோளை ஏற்று, பிற கட்சிகளையும் கலந்தே அம்முடிவு எடுக்கப்பட்டது, பேசித் தீர்ப்போம் என்று தில்லி உறுதி கூறும்போது வழக்கைப் பிடித்துக்கொண்டிருப்பது அழகன்று என்பது கருணாநிதி தரப்பு பின்னாளில் பலமுறை அளித்த விளக்கம். தில்லியின் நெருக்குதலுக்குப் பணிந்து மாநிலத்தின் கையிலிருந்த ஒரே ஆயுதத்தைக் கீழே போட்டார் என்பது எதிர்த் தரப்பின் குற்றச்சாட்டு. நெஞ்சுக்குள் இருந்தது எது என்ற ஆராய்ச்சியில் நாம் இறங்கப் போவதில்லை. வழக்கைத் திரும்பப் பெற்றமை தன்னளவில் குற்றமன்று என்பதை மேலே கண்டோம். எதற்காகத் திரும்பப் பெற்றனர் என்பதே கேள்வி. வேறொரு சட்ட வழியில் செல்லத் திரும்பப் பெற்றார்களா, அல்லது பேசிக்கொண்டிருக்கத் திரும்பப் பெற்றார்களா?

இரண்டும் ஒன்றுதானே எனலாம். பிற தகராறுகளில் ஒன்றாக இருக்கலாம், ஆற்று நீரில் அப்படியன்று. 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் 4ஆம் பிரிவைப் படித்தால் இது விளங்கும். மாநிலம் கோரிக்கை வைத்ததும் மன்றம் பிறந்துவிடாது. 'பேச்சுவார்த்தையால் இத்தகராறு தீராது' என்று நடுவண் அரசு கருதும்போதுதான் மன்றம் அமைத்தாக வேண்டும். ஆகவே பேச்சு நடந்துகொண்டிருக்கும் வரை, தீராது என்ற கருத்துக்குத் தாம் இன்னும் வரவில்லை என்று தில்லி சொல்லிக்கொண்டே இருக்கலாம். பேச்சு என்பது மன்றத்துக்கு இணையாக ஓடும் மற்றொரு பாதையன்று. மன்றத்தின் வாயிலில் போட்ட தாழ் அதுவே. தமிழகம் பேச்சுக்காக வழக்கைக் கைவிட்டபோது, எந்தத் தீர்வுக்காக வழக்குப் போட்டதோ அந்தத் தீர்வையே தன் கையால் தள்ளி வைத்தது. எழுத்து வடிவில் ஒரு கெடு, 'இந்த நாளுக்குள் பேச்சு முடியாவிடில் மன்றம்' என்ற ஒரு வரி, நீதிமன்றப் பதிவில் ஏறியிருந்தால் பின்வந்த கதை வேறாக இருந்திருக்கும் என்பது எமது எண்ணம். கே.எல். ராவ் பெரும் பொறியாளர், நாகார்ஜுனசாகர் கட்டுமானத்தில் பெயர் பெற்றவர். ஆயினும் அமைச்சர்கள் மாறிவிடுவார்கள், நீதிமன்றப் பதிவு மாறாது.

உண்மை அறியும் குழு தன் வேலையை விரைந்து செய்தது என்பதைச் சொல்லியாக வேண்டும். 1972 ஜூனில் அமைந்த குழு டிசம்பரில் அறிக்கை தந்துவிட்டது. காவிரி நீரைத் தமிழகம் 489 டி.எம்.சி., கர்நாடகம் 177 டி.எம்.சி., கேரளம் 5 டி.எம்.சி. என்ற அளவில் பயன்படுத்தி வந்ததாக அது கணக்கிட்டது. தமிழகத்தின் தொன்மையான பயன்பாட்டுக்கு இதைவிட நல்ல சான்று வேறு வேண்டியதில்லை. ஆனால் அச்சான்றைக் கொண்டுபோய் வைக்க ஒரு நீதிபதி இல்லை, ஒரு மன்றமும் இல்லை. பேச்சு மேசை மட்டுமே இருந்தது.

அதன்பின் காலம் ஓடியது. 1972 அக்டோபரில் எம்.ஜி.ஆர். பிரிந்து புதுக் கட்சி கண்டார். தமிழக அரசியலின் கவனம் முழுவதும் அங்கே திரும்பியது. 1974 வந்தது. 1924 உடன்படிக்கை முடிந்துவிட்டது என்றது கர்நாடகம், சில பிரிவுகளை மறுபரிசீலிக்கலாம் என்றுதான் உள்ளதேயன்றி உடன்படிக்கை முடிவதாக இல்லை என்றது தமிழகம். 1976 ஜனவரி 31 அன்று தி.மு.க. அரசு கலைக்கப்பட்டது. அவ்வாண்டு ஆகஸ்டில், தமிழகம் ஆளுநரின் ஆட்சியில் இருக்கையில், உடன்பாடு எட்டப்பட்டதாக ஜகஜீவன் ராம் நாடாளுமன்றத்தில் அறிவித்தார். மக்களாட்சி திரும்பியதும் அது காற்றில் கரைந்தது. இதற்கிடையே மேலே கட்டடம் எழுந்துகொண்டே இருந்தது. ஏறக்குறைய 19 டி.எம்.சி. கொள்ளும் கபினி 1974இலும், 37 டி.எம்.சி. கொள்ளும் ஏமாவதி 1979இலும், 8.5 டி.எம்.சி. கொள்ளும் ஏரங்கி 1982இலும் நிறைவுற்றன. 1968 தொடங்கி 1990 வரை அமைச்சர்களும் முதலமைச்சர்களும் 26 முறை கூடிப் பேசினர் என்பது கணக்கு. ஒரு கூட்டத்துக்கு ஓர் அடி வீதம் உயர்ந்திருந்தால்கூட ஓர் அணை எழுந்திருக்கும்.

அரசு விட்ட இழையை எடுத்தவர்கள் உழவர்கள். தமிழ்நாடு காவிரி நீர்ப்பாசன விளைபொருள்கள் விவசாயிகள் நல உரிமைப் பாதுகாப்புச் சங்கம் என்ற, பெயரை ஒரே மூச்சில் சொல்ல முடியாத சங்கம், 1983இல் உச்ச நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்தது. 131ஆம் பிரிவில் மாநிலங்களும் நடுவண் அரசும்தான் வழக்காட முடியும், குடிமக்களுக்கு அங்கே இடமில்லை. ஆகவே அவர்கள் 32ஆம் பிரிவின் வழியாக வந்தனர். அடிப்படை உரிமை காக்கும் பிரிவு அது. கேட்டது என்னவோ 1971இல் அரசு கேட்டதுதான்: மன்றம் அமைக்க நடுவண் அரசுக்கு ஆணையிடுக. வழக்கு வேறு, வழக்காளி வேறு, வழி வேறு. திரும்பப் பெற்ற பழைய வழக்கு இவர்களை எவ்வகையிலும் கட்டவில்லை.

ஒரு குறை இருந்தது. சட்டப்படி மன்றத்தைக் கோர வேண்டியது மாநில அரசு, சங்கம் அன்று. எம்.ஜி.ஆர். அரசு 1986 ஜூலையில் முறைப்படி நடுவண் அரசுக்குக் கோரிக்கை அனுப்பிய பிறகு இக்குறை நீங்கியது. மனுவுக்கும் தமிழக அரசு முழு ஆதரவு நல்கியது. ஒரு பதிவு பெற்ற சங்கம் இவ்வழக்கைக் கொண்டு வரலாமா என்று கர்நாடகம் எழுப்பிய தடை, மாநிலமே பின்னால் வந்து நின்றதும் வலுவிழந்தது.

1990 மே 4 அன்று நீதிபதி ரங்கநாத் மிஸ்ரா அமர்வு தீர்ப்பளித்தது. இத்தனை ஆண்டுகள், இத்தனை கூட்டங்கள் நடந்தும் முடிவு எட்டாத தகராறு பேச்சால் தீராது என்பது வெளிப்படை. அந்நிலையில் மன்றம் அமைப்பது நடுவண் அரசின் விருப்பம் அன்று, கடமை. ஒரு மாதத்துக்குள் அமைக்க வேண்டும். வி.பி. சிங் அரசு 1990 ஜூன் 2 அன்று நீதிபதி சித்ததோஷ் முகர்ஜி தலைமையில் காவிரி நடுவர் மன்றத்தை அமைத்தது. அப்போது தமிழக முதலமைச்சராக இருந்தவர், 1972இல் வழக்கைத் திரும்பப் பெற்ற அதே கருணாநிதி. வரலாறு சில வேளைகளில் இப்படி ஒரே மனிதரை இரு கரையிலும் நிறுத்திவிடுகின்றது.

ஆக, உரிமை சாகவில்லை. 1971இல் கேட்ட அதே ஆணை 1990இல் கிடைத்தது. பிறகு என்ன குறை என்று கேட்பவர்களுக்கு இரண்டு எண்களைக் காட்டலாம்.

1991 ஜூன் 25 அன்று மன்றம் இடைக்காலத் தீர்ப்பு வழங்கியது. (இடைக்கால நிவாரணம் தரும் அதிகாரம் தனக்கில்லை என்று மன்றம் முதலில் கூற, தமிழகம் உச்ச நீதிமன்றம் சென்று அந்த அதிகாரத்தை உறுதி செய்து வர வேண்டியிருந்தது.) மேட்டூருக்கு ஆண்டுதோறும் 205 டி.எம்.சி. வர வேண்டும் என்பது தீர்ப்பு. 205 எங்கிருந்து வந்தது? 1980-81 முதல் 1989-90 வரையிலான பத்தாண்டுகளில் மேட்டூருக்கு வந்த நீரை எடுத்து, மிக நல்ல ஆண்டுகளையும் மிக மோசமான ஆண்டுகளையும் விலக்கிச் சராசரி கண்டார்கள். அந்தப் பத்தாண்டுகள் எவை? கபினியும் ஏமாவதியும் நீரைத் தேக்கத் தொடங்கிவிட்ட, ஏரங்கியும் வந்து சேர்ந்துகொண்ட பத்தாண்டுகள். மேலே தேக்கியதால் குறைந்த வரத்தே கீழே உள்ளவனின் அளவுகோலாகிவிட்டது. 1972இல் மன்றம் அமைந்திருந்தால் அதன் முன் இருந்திருக்கக்கூடியவை அணைகளுக்கு முந்திய ஆண்டுகளின் கணக்குகள்.

இரண்டாவது எண் 1974. காவிரி வழக்கின் இறுதித் தீர்ப்பை 2018 பிப்ரவரி 16 அன்று அளித்த உச்ச நீதிமன்றம், 1924 உடன்படிக்கை செல்லாதது என்ற கர்நாடகத்தின் வாதத்தை ஏற்கவில்லை. ஆனால் 50 ஆண்டுகள் நிறைந்ததும், 1974இல், அது முடிவுற்றது என்று கூறிவிட்டது. தமிழகம் வழக்கைத் திரும்பப் பெற்ற 1972இல் அவ்வுடன்படிக்கை உயிரோடு இருந்தது. அதற்கு இன்னும் இரண்டாண்டு ஆயுள் பாக்கி. நோயாளி மூச்சுவிட்டுக்கொண்டிருக்கும்போது வைத்தியரைத் திருப்பி அனுப்பியது போலத்தான்.

ஆனால் மறுபக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். வழக்கை நடத்தியிருந்தால் உச்ச நீதிமன்றம் 1972இலோ 1973இலோ மன்றம் அமைக்க ஆணையிட்டிருக்கும் என்று அறுதியிட்டுரைக்க எவராலும் ஆகாது. 1990இல் நீதிபதிகளின் கையில் 26 கூட்டங்களின் தோல்வி சான்றாக இருந்தது. 1972இல் அத்தனை தோல்விகள் இன்னும் நிகழவில்லை. 'இன்னும் சற்றுப் பேசிப் பாருங்கள்' என்று நீதிமன்றமே கூறியிருக்கக்கூடும். ஆயினும் நீதிமன்றம் பேசச் சொல்வதற்கும் பிரதமர் பேசச் சொல்வதற்கும் வேறுபாடு உண்டு. முன்னதில் அடுத்த வாய்தா என்று ஒரு நாள் குறிக்கப்படும்.

தமிழகம் பின்னர் இப்பாடத்தை மறக்கவில்லை. இடைக்காலத் தீர்ப்பைக் கர்நாடகம் மதிக்காதபோது, 1992இல் மீண்டும் 131ஆம் பிரிவின்கீழ் மூல வழக்குத் தொடுத்தது. இம்முறை கைவிடவில்லை. 1998இல் காவிரி நதிநீர் ஆணையம் அமைக்கும் திட்டம் அறிவிக்கப்படும் வரை அவ்வழக்கு உயிரோடிருந்தது. அந்த ஆணையம் என்ன செய்தது என்பது வேறு கதை, அதிகம் செய்யவில்லை என்பதே சுருக்கம். மன்றத்தின் இறுதித் தீர்ப்பு 2007 பிப்ரவரி 5 அன்று வந்தது. தமிழகத்துக்கு 419 டி.எம்.சி., கர்நாடகத்துக்கு 270, கேரளத்துக்கு 30, புதுச்சேரிக்கு 7. அரசிதழில் ஏற 2013 ஆயிற்று. 2018இல் உச்ச நீதிமன்றம் தமிழகத்தின் பங்கை 404.25 ஆகக் குறைத்தது. காவிரி மேலாண்மை ஆணையம் அதே ஆண்டு ஜூனில் அமைந்தது.

சட்டமும் சிறிது திருந்தியது. 2002இல் செய்த திருத்தத்தின்படி, மாநிலத்தின் கோரிக்கை வந்த ஓராண்டுக்குள் நடுவண் அரசு மன்றம் அமைத்தாக வேண்டும். 1970இல் இவ்விதி இருந்திருந்தால் 1971 வழக்கே வேண்டியிருந்திராது. ஆனால் 'பேச்சால் தீராது என்று கருதும்போது' என்ற பழைய தாழ் இன்னும் கழற்றப்படவில்லை. தென்பெண்ணைக்காகத் தமிழகம் 2018இல் தொடுத்த மூல வழக்கில், மார்க்கண்டேய நதி அணைக்கு இடைக்காலத் தடை தர 2019 நவம்பரில் மறுத்த உச்ச நீதிமன்றம், மன்றம் வேண்டுமாயின் நடுவண் அரசிடம் விண்ணப்பிக்கலாம் என்றது. தமிழகம் அம்மாதமே விண்ணப்பித்தது. தில்லி முதலில் அமைத்தது மன்றத்தையன்று, பேச்சுவார்த்தைக் குழுவை.

வேறு தீர்வுக்காக வழக்கைத் திரும்பப் பெறுவது எவ்வாறு இருக்க வேண்டும் என்பதற்கு அண்டை மாநிலம் ஒன்றின் எடுத்துக்காட்டு அண்மையில் கிடைத்துள்ளது. 2014இல் பிறந்த தெலங்கானா, கிருஷ்ணா நீரைப் புதிதாகப் பங்கிட மன்றம் வேண்டும் என்று பிறந்த சில வாரங்களிலேயே கோரியது. பதிலில்லை. 2015இல் உச்ச நீதிமன்றம் சென்றது. வழக்கு நிலுவையில் இருப்பதால் எம்மால் ஒன்றும் செய்ய இயலவில்லை என்றது நடுவண் அரசு. 2020 அக்டோபரில் முதலமைச்சர்களும் நடுவண் அமைச்சரும் கூடிய உயர்மட்டக் குழுவில், வழக்கைத் திரும்பப் பெற்றால் தகராற்றை மன்றத்துக்கு அனுப்புவது பற்றி முடிவெடுப்போம் என்று பேசப்பட்டு, அது பதிவாயிற்று. பேச்சுக்காக அன்று, மன்றத்துக்காக. 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் மனுவைத் திரும்பப் பெற அனுமதித்தது. அதன் பிறகும் இரண்டு ஆண்டுகள் காத்திருந்து, 2023 அக்டோபரில்தான் பிரிஜேஷ் குமார் மன்றத்துக்குப் புதிய விசாரணை வரம்பை நடுவண் அமைச்சரவை வழங்கியது. முதல் கோரிக்கையிலிருந்து எண்ணினால் ஒன்பது ஆண்டுகள். நம்முடையது இருபது.